மஞ்சப்பையில் வெள்ளரி தொங்கவிட்டுப் போகிறவர்களுக்கு

ஓசூர்,
சித்திரை மாதம், ஞாயிறு மத்தியானம்.

எங்கள் தெருவிலும் அடுத்த மூன்று தெருக்களிலும் மாடித்தோட்டம் போட்டிருக்கும் எல்லோருக்கும்,

நேற்றுக் காலையும் என் வீட்டு கேட்டில் ஒரு மஞ்சப்பை தொங்கியது. இந்த வாரத்தில் மூன்றாவது பை. திறந்து பார்க்காமலே உள்ளே என்ன என்று தெரிந்துவிட்டது. ஐந்து வெள்ளரிக்காய், ஒவ்வொன்றும் என் முழங்கை நீளம். வைத்தவர் பெயர் இல்லை. பெயர் தெரிந்தால் திருப்பிக் கொண்டுவந்து கொடுத்துவிடுவேன் என்ற பயம் இருக்கலாம், நியாயமான பயம்தான். முந்தின பையை நான் இருட்டில் போய் இரண்டு வீடு தள்ளி இன்னொரு கேட்டில் மாட்டிவிட்டு வந்தேன். அதுவே ஊரைச் சுற்றி என்னிடம் திரும்பியிருக்கிறதோ என்றும் ஒரு சந்தேகம்.

குறை சொல்லவில்லை. மாசி முதல் வாரத்தில் எல்லோரும் சேர்ந்து விதை வாங்கினோம், சேர்ந்து ஊன்றினோம். இப்போது எல்லார் மாடியிலும் சேர்ந்து காய்க்கிறது. முதல் வாரம் தயிர்ப் பச்சடி. இரண்டாம் வாரம் கூட்டு, மோர்க்குழம்பு. மூன்றாம் வாரம் தோசை மாவில் அரைத்து ஊற்றினேன், வீட்டில் கண்டுபிடித்துவிட்டார்கள். நான்காம் வாரம் மஞ்சப்பை.

இதற்கு ஒரு வழியாகத்தான் அன்றைக்கு நம் மாடித்தோட்டக் கூட்டத்தில் நான் ஒரு பாட்டில் கொண்டுவந்து சுற்றிக் கொடுத்தேன். ஃபிரிட்ஜில் வைக்கும் வெள்ளரிப் பிக்கிள். பிடித்திருந்தது என்றீர்கள். ஆறு பேர் வீட்டில் போட்டுப் பார்த்தீர்கள். நாலு பேருக்குக் கெட்டுப்போனது. ஒருவருக்கு நுரை, ஒருவருக்குக் கொழகொழப்பு, ஒருவருக்கு இரண்டும். நாலாவது ஆள் பாட்டிலைத் திறக்கவே பயந்து அப்படியே குப்பை வண்டியில் கொடுத்துவிட்டார். “ஏதோ ஒண்ணைச் சொல்லாம மறைச்சிட்டீங்க டீச்சர்” என்று ஒருவர் என் முகத்துக்கு நேரே கேட்டார்.

மறைக்கவில்லை. நான் சொன்னதை நீங்கள் ஊறுகாய் போடத் தெரிந்தவர்களாகக் கேட்டீர்கள். சிக்கல் அங்கேதான். ஊறுகாயில் கை தேர்ந்தவர்களுக்குத்தான் இது முதலில் கெடும். எனக்கும் கெட்டது, கெடுத்தது எங்கள் வீட்டிலேயே கைமணத்துக்குப் பெயர் வாங்கிய ஆள்.

அந்தக் கதையை அன்றே சொல்லியிருக்க வேண்டும். நான் இதைப் படித்துக்கொண்டது நியூ ஜெர்சியில், அண்ணன் மகள் வீட்டில். அவள் ஃபிரிட்ஜில் எப்போதும் ஒரு பாட்டில் இருக்கும். முதல் துண்டைக் கடித்ததும் நான் சொன்னது, “கிரைப் வாட்டர் குடிச்ச மாதிரி இருக்குடி.” அதற்கு ஒரு காரணம் உண்டு, பின்னால் சொல்கிறேன். ஒரு வாரத்தில் அந்த வாசனை நாக்கில் ஒட்டிக்கொண்டது. அளவை எழுதிக்கொண்டு வந்துவிட்டேன். வினிகர் ஒரு பங்கு, தண்ணீர் ஒரு பங்கு, உப்பு, பூண்டு, மிளகு, சதகுப்பை. ஓசூர் வந்த மறுநாளே போட்டு ஃபிரிட்ஜில் வைத்தேன். அடுத்த நாள் நான் மார்க்கெட் போய் வருவதற்குள் பாட்டில் அடுக்களை மேடையில், மாவடு ஜாடிக்குப் பக்கத்தில், வெள்ளைத் துணியால் வாய் கட்டி உட்கார்ந்திருந்தது. “ஊறுகாயை எவளாவது ஐஸ் பொட்டிக்குள்ள வெப்பாளா? ஈரம் வேர்த்துப் பூஞ்சை பூத்துடும்” என்றார் மாமியார். நான் எதிர்த்துப் பேசவில்லை. மூன்றாம் நாள் பாட்டிலுக்குள் நீர் கலங்கி, மேலே நுரை கட்டி, வெள்ளரி விரலால் தொட்டால் குழியும் அளவுக்கு ஆகிவிட்டது. “நீ போட்டது அப்படி” என்று தீர்ப்பு வந்தது.

அவர் சொன்னது மாவடுவுக்கு முழு உண்மை. அவருடைய ஜாடியில் ஒரு சொட்டுத் தண்ணீர் விடமாட்டார். வடுவுக்கு விளக்கெண்ணெய் தடவி, மஞ்சளும் கடுகுப் பொடியும் சேர்த்து, எட்டுப் பங்கு வடுவுக்கு ஒரு பங்கு கல்லுப்பு என்று போட்டுக் குலுக்கி வைப்பார். உப்பு வடுவுக்குள் இருக்கும் நீரை வெளியே இழுக்கும். வடு சுருங்கும், ஜாடியில் நீர் ஏறும். அந்த நீர் அவ்வளவு உப்பாக இருப்பதால், கெடுக்க வருகிற கிருமியின் உடம்பிலிருந்தும் அதே உப்பு நீரை இழுத்துவிடும். எலுமிச்சையில் உப்போடு அதன் சொந்தப் புளிப்பும் சேரும். ஆவக்காயில் உப்புக்கு மேலே எண்ணெய் நின்று காற்றைத் தடுக்கும். இப்படிக் காவல் பலமாக இருப்பதால்தான் நம் ஊறுகாய் வருஷக்கணக்கில் அலமாரியில் நிற்கிறது. கை அளவு கொஞ்சம் முன்னே பின்னே போனாலும் மன்னித்துவிடும்.

பிக்கிளில் உப்பு பச்சடியைவிடக் கொஞ்சம் கூடுதல், அவ்வளவே. எண்ணெய் கிடையாது, வெயில் காட்டுவது கிடையாது. புளிப்பு, உப்பு, குளிர் என்று மூன்று பேர் சேர்ந்து தூக்கும் கட்டில் அது. ஒருவர் கையை விட்டால் மற்ற இருவரால் தாங்க முடியாது. அமெரிக்காவில் அலமாரியிலேயே நிற்கிற பிக்கிளும் உண்டு. அதற்கு நிரப்பி மூடிய பாட்டிலைக் கொதிநீரில் முக்கி எடுத்து, மூடி காற்றுப் புகாமல் இறுகும்படி செய்வார்கள். ஜான் மேசன் என்பவர் 1858இல் காப்புரிமை வாங்கிய திருகு மூடிப் பாட்டில் வந்த பிறகு அது வீட்டுக்கு வீடு நடந்தது. கொளுத்தும் கோடையில் அடுப்பைச் சுற்றி அந்த வேலை. ஃபிரிட்ஜ் வந்ததும், ‘இரண்டே பாட்டிலுக்கு எதற்கு இந்தப் பாடு’ என்று கொதிநீர்க் குளியலை விட்டுவிட்டுப் போடத் தொடங்கியதுதான் இந்த வகை. குளியலுக்குப் பதிலாகத்தான் குளிர். வெளியே எடுத்து வைத்தால் இரண்டுமே இல்லாமல் போகிறது.

இரண்டாவது தவறு என்னுடையது. அதையே நீங்களும் செய்திருப்பீர்கள் என்று பந்தயம் கட்டுவேன். அமெரிக்கக் கடை வினிகரில் அசெட்டிக் அமிலம் 5 சதவீதம். அதோடு சம அளவு தண்ணீர் சேர்த்தால் இரண்டரை சதவீதப் புளிப்பு நிற்கும். நம் உணவுச் சட்டத்தில் வினிகருக்கு 3.75 சதவீதத்துக்குக் குறையக் கூடாது என்றுதான் விதி. பாட்டிலைத் திருப்பிப் பாருங்கள். பெரும்பாலும் 4 என்று போட்டிருக்கும். அதில் சம அளவு தண்ணீர் ஊற்றினால் இரண்டுக்கு இறங்கிவிடும். போதாக்குறைக்கு வெள்ளரி என்பதே நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து பங்கு தண்ணீர். பாட்டிலுக்குள் போன பிறகு தன் பங்குக்கு அதுவும் விட்டு இன்னும் நீர்க்கவைக்கும். கணக்கு இதுதான்: நம் 4 சதவீத வினிகர் 250 மில்லிக்குத் தண்ணீர் 150 மில்லி. அதற்கு மேல் ஒரு சொட்டும் வேண்டாம். “ரொம்பப் புளிக்குதே” என்றால் சர்க்கரையைக் கூட்டுங்கள், தண்ணீரைக் கூட்டாதீர்கள். குழம்பை நீர்க்கவைக்கிற கை இங்கே அடங்கியிருக்க வேண்டும்.

பயமுறுத்துகிறேன் என்று எண்ண வேண்டாம். போட்டுலினம் என்ற கொடிய கிருமி, காற்றில்லாத, புளிப்புக் குறைந்த இடத்தில் வளர்ந்து நஞ்சு உண்டாக்கும். பிஎச் 4.6க்குக் கீழே போனால் அதற்கு அங்கே பிழைப்பில்லை. மேலே சொன்ன கலவை அந்தக் கோட்டுக்கு நன்றாகவே கீழே நிற்கும். அதனால்தான் வினிகரை அளவுக் குவளையில் ஊற்றச் சொல்கிறேன். எலுமிச்சைச் சாறு ஊற்றலாமா என்று கேட்டவருக்கு: பழத்துக்குப் பழம் புளிப்பு மாறும், வேண்டாம். புளிக்கரைசல் கேட்டவருக்கும் அதே பதில். சில கடைகளில் அடர்த்தியான அசெட்டிக் அமிலத்தைச் சின்னப் புட்டியில் விற்கிறார்கள், நீர் ஊற்றிக் கலந்துகொள்ளலாம் என்பார்கள். அதை வீட்டுக்குள்ளேயே கொண்டுவராதீர்கள், தோலைச் சுட்டுவிடும்.

இனி உங்கள் வெள்ளரிக்கு வருகிறேன். இதில்தான் எனக்குக் கோபம்.

நீங்கள் பறிப்பது ரொம்பத் தாமதம். இந்த முழங்கை நீளக் காயை எந்தப் பிக்கிள்காரரும் தொடமாட்டார். உள்ளே விதை முற்றி, நடுவில் பஞ்சு. சில நாள் முன்னால் அது உங்கள் நடுவிரல் நீளத்தில் இருந்தது. அப்போது பறித்திருக்க வேண்டும். ‘இன்னும் கொஞ்சம் பெருக்கட்டுமே’ என்று விட்டீர்கள். ஆசையாக வளர்த்தவருக்குப் பிஞ்சில் கை வைக்க மனசு வராது என்பது எனக்கும் தெரியும். பஸ் ஸ்டாண்டில் கூறு கட்டி விற்கும் பிஞ்சை, நடுவில் கீறி உப்பு மிளகாய்த்தூள் வைத்துக் கொடுத்தால் மட்டும் நாலு பேர் நாலு கூறு வாங்குகிறோம்.

திண்டுக்கல் பக்கம் தம்பி வீட்டுக்குப் போயிருந்தபோது கெர்கின் வயல் ஒன்றைப் பார்த்தேன். கெர்கின் என்றால் வேறு ஏதோ சீமைக் காய் இல்லை, பிக்கிளுக்கென்றே பிஞ்சில் பறிக்கிற வெள்ளரிதான். விதையைக் கம்பெனி கொடுக்கும், பேசிய விலைக்கு அதுவே எடுத்துக்கொள்ளும். தொண்ணூறு நாள் பயிர். காய்ப்புத் தொடங்கிவிட்டால் தினம் பறிக்க வேண்டும். ஏன் என்றால் காயின் விலை ஒரு கிலோவில் எத்தனை நிற்கிறது என்பதைப் பொறுத்தது. கிலோவுக்கு நூற்று அறுபதுக்கு மேல் நிற்கிற சுண்டுவிரல் பிஞ்சுக்கு நல்ல விலை. கிலோவுக்கு முப்பது நிற்கிற அளவுக்குப் பெருத்துவிட்டால் விலை அடியில். இன்றைக்குப் பறிக்காமல் விட்டால் நாளைக்கு அது ஒரு தரம் கீழே. “தீவாளி அன்னிக்கும் பறிச்சுட்டுத்தான் எண்ணெய் தேச்சுக்குவோம்” என்றார் அந்த வீட்டுக்கார அம்மா. நாம் எடை கூடக் கூடச் சந்தோஷப்படுகிறோம். அவர் எடை கூடினால் வருத்தப்படுகிறார்.

இந்தப் பயிர் 1990களின் தொடக்கத்தில் கர்நாடகத்தில் ஆரம்பித்துத் தமிழ்நாட்டுக்கும் ஆந்திராவுக்கும் பரவியது. இன்று கெர்கின் ஏற்றுமதியில் உலகத்தில் முதல் இடம் இந்தியாவுக்கு. 2020-21இல் வெள்ளரியும் கெர்கினுமாக 2,23,515 டன் போயிருக்கிறது, 22 கோடி டாலருக்கு மேல். மூன்று மாநிலங்களிலும் சேர்த்துச் சுமார் 90,000 சிறு விவசாயிகள், 65,000 ஏக்கர் என்று அரசாங்கமே கணக்குச் சொன்னது. பீப்பாயில் வினிகரிலோ உப்பு நீரிலோ முங்கியபடி அமெரிக்காவுக்கும் ரஷ்யாவுக்கும் பிரான்சுக்கும் ஜெர்மனிக்கும் போகிறது. விளைகிற ஊரில் அதைப் பிக்கிளாக யாரும் தின்பதில்லை. அந்த அம்மாவிடம், “நீங்க இதைத் தின்னு பாத்திருக்கீங்களா?” என்று கேட்டேன். பச்சையாகத் தின்றிருக்கிறார், பிக்கிளாகப் பார்த்ததுகூட இல்லை. பெங்களூரு மாலில் வெளிநாட்டு ஒட்டுத்தாளோடு நிற்கும் பாட்டிலை எடுத்து விலையைப் பார்த்துவிட்டு நான் திருப்பி வைக்கும்போதெல்லாம் அவர் ஞாபகம் வரும். அதில் இருப்பது அவர் வயல் பிஞ்சாகவே இருக்கலாம்.

பிஞ்சின் மதிப்புக்கு இன்னொரு கதையும் உண்டு. அமெரிக்காவில் இலினாய் மாநிலத்தில் ஓமர் ஃபானிங், கோரா ஃபானிங் என்று ஒரு தம்பதி. வெள்ளரி விவசாயம். சந்தையில் விலை போகாத சின்னக் காய்களை வட்டமாக நறுக்கி, சர்க்கரை, கடுகு, மஞ்சள் சேர்த்து வினிகரில் போட்டு, மளிகைக் கடைக்காரரிடம் கொடுத்து அதற்கு ஈடாக ரொட்டியும் வெண்ணெயும் வாங்கினார்களாம். 1923இல் அந்தப் பெயரையே வணிக முத்திரையாகப் பதிவு செய்தார்கள்: ‘பிரெட் அண்ட் பட்டர் பிக்கிள்’. இனிப்பும் புளிப்புமாக இருக்கும். காரக்குழம்பு வீட்டுப் பிள்ளைகளுக்கு முதலில் பிடிப்பது இந்த வகைதான்.

ஆக, பிஞ்சாகப் பறியுங்கள். காலையில் பறித்தது அன்றே பாட்டிலுக்குப் போக வேண்டும். ஒவ்வொன்றையும் காம்புப் பக்கம் ஒரு துளி கிள்ளி நாக்கில் வைத்துப் பாருங்கள். கசந்தால் அது வேண்டாம்; வினிகர் எவ்வளவு ஊற்றினாலும் கசப்பு போகாது. வெள்ளரியின் காட்டு உறவு இன்னும் இமயமலை அடிவாரத்தில் இருக்கிறது, கடும் கசப்பு. நம் வெள்ளரி அந்த வழி வந்தது. வெயில் அடித்துத் தொட்டி காய்ந்து செடி வாடினால் பழைய கசப்பு காயில் தலைகாட்டும். மத்தியானம் தொட்டி காய விடுகிறவர்கள் யார் யார் என்று மஞ்சப்பையைக் கொண்டே நான் சொல்லிவிடுவேன்.

அடுத்தது பாட்டி காலத்துப் பழக்கம் ஒன்று நம்மைத் தடுக்கி விடும் இடம். நாம் வெள்ளரியின் காம்பு நுனியை அறுத்து, அந்தத் துண்டாலேயே வெட்டுவாயில் சுற்றித் தேய்த்து நுரை வர எடுப்போம், கசப்பு போகும் என்று. செய்யுங்கள், கெடுதல் இல்லை. ஆனால் பிக்கிளுக்குக் கட்டாயம் அறுக்க வேண்டியது மறு நுனி. பூ இருந்த பக்கம். அங்கே ஒட்டியிருக்கும் நொதிகள் காயின் சதையைப் பிடித்து நிறுத்தும் பெக்டினைக் கரைத்துவிடும். பூ நுனியை இரண்டு மில்லிமீட்டர் சீவி எறிந்தால் போதும், மொறுமொறுப்பு நிற்கும். எந்தப் பக்கம் எது என்று குழம்புகிறவர்கள் இரண்டு பக்கமும் சீவிவிடுங்கள். “கொழகொழன்னு போச்சு டீச்சர்” என்று சொன்ன இருவரும் இதைச் செய்திருக்கமாட்டீர்கள்.

சுண்ணாம்புத் தண்ணீரில் ஊறவைத்தால் மொறுமொறுப்பு வரும் என்று ஒருவர் யோசனை சொன்னார். வரும்தான். பூசணிக்காயைச் சுண்ணாம்பு நீரில் ஊறவைத்துத்தானே ஆக்ரா பேட்டா செய்கிறார்கள். அமெரிக்காவிலும் பழைய கைகள் வெள்ளரிக்கு அப்படிச் செய்தவைதான். ஆனால் சுண்ணாம்பு காரம், வினிகர் அமிலம். நாலைந்து தண்ணீரில் அலசி எடுக்காவிட்டால் ஒட்டியிருக்கும் சுண்ணாம்பு வினிகரின் புளிப்பைத் தின்றுவிடும். அந்த வம்புக்குப் பதில் ஐஸ் போதும்.

அரைக் கிலோ பிஞ்சைக் கழுவி, நுனி சீவி, நீளவாக்கில் நான்காகப் பிளந்துகொள்ளுங்கள், அல்லது வட்டமாக நறுக்குங்கள். வட்டம் ரொம்ப மெலிசாக வேண்டாம். ஒரு கைப்பிடி கல்லுப்பைத் தூவி, மேலே ஐஸ் கட்டிகளைக் கொட்டி இரண்டு மணி நேரம் விடுங்கள். உப்பு வெள்ளரியின் நீரை வெளியே இழுக்கும், மாவடுவில் நடப்பதேதான். பாத்திரத்தின் அடியில் கணிசமாக நீர் தேங்கியிருக்கும். அந்த நீர் பாட்டிலுக்குள் விட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்துக்கொண்டே கொட்டுங்கள். பிறகு ஒருமுறை அலசி வடித்துவிடுங்கள்.

இதற்கிடையில் எவர்சில்வர் பாத்திரத்தில் வினிகர் 250 மில்லி, தண்ணீர் 150 மில்லி, கல்லுப்பு 15 கிராம், சர்க்கரை இரண்டு ஸ்பூன். ஒரு கொதி. அலுமினியம், பித்தளை, செம்புப் பாத்திரம் பக்கமே போகாதீர்கள். வினிகர் உலோகத்தை அரிக்கும். கல்லுப்பில் மண் இருந்தால் துணியில் வடிகட்டிக்கொள்ளுங்கள். பொடி உப்பு போட்டாலும் கெட்டுப்போகாது. கட்டி பிடிக்காமல் இருக்க அதில் சேர்ப்பது நீரைக் கொஞ்சம் கலங்கவைக்கும், அவ்வளவுதான். கலங்கலைப் பார்த்துக் கெட்டுவிட்டதோ என்று பயப்படுவோம் என்பதால்தான் கல்லுப்பு என்கிறேன்.

வெந்நீரில் கழுவிக் காயவைத்த ஒரு லிட்டர் கண்ணாடி பாட்டில். அடியில் தட்டிய பூண்டு நாலைந்து பல், மிளகு ஒரு ஸ்பூன், கடுகு ஒரு ஸ்பூன், பிரிஞ்சி இலை ஒன்று, வரமிளகாய் இரண்டு. அப்புறம் சதகுப்பை.

இங்கே கொஞ்சம் நிற்கிறேன். ஓசூரில் இருப்பதன் பெரிய லாபம் இது. சென்னையில் இருக்கும் என் தங்கை இந்தக் கீரைக்கு நாட்டு மருந்துக் கடைக்கு அலைந்து விதைதான் வாங்கினாள். நம் சந்தையில் காலையில் கட்டுக் கட்டாக வருகிறது, சப்பசிகெ சொப்பு என்று கன்னடத்தில் கூவுவார்கள். சோம்புக் கீரை மாதிரி நூல் நூலாக இருக்கும். நம் பிரசவ மருந்தில் சதகுப்பை விதை உண்டு. கன்னட வீடுகளில் பிள்ளை பெற்றவளுக்கு இந்தக் கீரையைச் சமைத்துப் போடுவார்கள். கிரைப் வாட்டரில் இருப்பதும் இதன் எண்ணெய்தான். 1851இல் இங்கிலாந்தில் நாட்டிங்ஹாமில் வில்லியம் உட்வர்ட் என்ற மருந்துக் கடைக்காரர் அதைத் தயாரித்தார். நம் ஊரில் அதைக் குடிக்காமல் வளர்ந்த பிள்ளை யார்? அமெரிக்கர்களுக்குப் பிக்கிளின் வாசனையாகத் தெரிவது நமக்குத் தொட்டில் வாசனையாகத் தெரிகிறது. முதல் கடியில் முகம் சுளிப்பவர்களுக்கு இதைச் சொல்லிவிட்டு இரண்டாவது துண்டைக் கொடுங்கள். ஒரு சின்னக் கொத்துக் கீரை, கிடைக்காவிட்டால் விதை ஒரு ஸ்பூன்.

வெள்ளரித் துண்டுகளை நெருக்கமாக நிற்கவைத்து, சூடு தணிந்து கை பொறுக்கும் பதத்தில் வினிகர் நீரை ஊற்றுங்கள். எல்லாத் துண்டும் முங்க வேண்டும். மேலே நீட்டிக்கொண்டிருக்கும் மூக்கில்தான் முதலில் பூஞ்சை பிடிக்கும். ஆறியதும் மூடி ஃபிரிட்ஜுக்குள். கதவுத் தட்டில் வைக்காதீர்கள். ஃபிரிட்ஜிலேயே சூடான இடம் அது, பிள்ளைகள் திறக்கும்போதெல்லாம் வெளிக்காற்று வாங்கும். உள் தட்டில், பின்பக்கம் தள்ளி. நாலு டிகிரிக்கு மேல் போகக் கூடாது. கரண்ட் போனால் கதவைத் திறக்காமல் விடுங்கள், நாலு மணி நேரம் தாங்கும். நம் ஏரியாவில் மாதம் ஒரு நாள் பகல் முழுக்க நிறுத்துவார்களே, அதற்கு முன் பாட்டிலைக் காலி செய்யும்படி திட்டமிடுவது என் வழக்கம்.

வட்டம் என்றால் மறுநாளே தின்னலாம். நான்காகப் பிளந்தது மூன்று நாள் கேட்கும். ஒரு மாதத்துக்குள் தீர்த்துவிடுங்கள். ஈரக் கையோ எச்சில் கரண்டியோ கூடாது என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஊறுகாயிலிருந்து இங்கே கொண்டுவரக்கூடிய பழக்கம் அதுதான்.

பூண்டு நீலமாகவோ பச்சையாகவோ மாறினால் அலறாதீர்கள். பாட்டிலைத் திறக்காமலே குப்பை வண்டியில் போட்டவரே, உங்களுக்குத்தான் சொல்கிறேன். பூண்டில் இருக்கும் கந்தகச் சத்து அமிலத்தில் அப்படி நிறம் மாறும், தின்னலாம். வட சீனாவில் அந்தப் பச்சை நிறத்துக்காகவே பூண்டை வினிகரில் ஊறவைக்கிறார்கள், லாபா பூண்டு என்று பெயர். ஆனால் நுரை, கொழகொழப்பு, நாற்றம், பூஞ்சை, மூடி உப்புவது, இதில் எது வந்தாலும் மேலாக வழித்துவிட்டுத் தின்ன வேண்டாம். மாவடுவில் அத்தை வழித்துவிட்டுப் போட்டதைப் பார்த்து வளர்ந்தவர்கள் நாம். இதில் அது செல்லாது.

வினிகரே இல்லாமல் உப்பு நீரில் புளிக்கவைக்கும் வகை ஒன்று இருக்கிறதே என்று நம்மில் படிப்பாளி ஒருவர் கேட்டார். இருக்கிறது. நியூயார்க் யூதக் கடைகளின் பெருமையே அதுதான். காயில் ஒட்டியிருக்கும் நல்ல கிருமி தானே புளிப்பை உண்டாக்கும், நம் இட்லி மாவு மாதிரி. அதற்கு இருபத்தொன்றிலிருந்து இருபத்து நாலு டிகிரி சூடு வேண்டும், வாரக்கணக்கில். சித்திரையில் நம் வீட்டுக்குள்ளேயே முப்பதைத் தாண்டுகிறது, காய் புளிப்பதற்கு முன் குழைந்துவிடும். மார்கழியில் வாருங்கள், ஓசூர்க் குளிரில் சேர்ந்து போட்டுப் பார்ப்போம்.

எதோடு தின்பது என்று யாரும் கேட்கவில்லை, ஆனாலும் சொல்கிறேன். தயிர் சாதத்துக்கு மாவடுதான், அதில் மாற்றம் இல்லை. இது தட்டின் ஓரத்தில் தொட்டுக்கொள்வதற்கு இல்லை, கடித்துத் தின்பதற்கு. முட்டை ரொட்டிக்கு நடுவில், உருளைக்கிழங்கு மசியலில் பொடியாக நறுக்கி, பிரியாணிக்கு வெங்காயப் பச்சடி தீர்ந்துபோன நேரத்தில். ரத்த அழுத்த மாத்திரை போடுகிறவர்கள் ஒரு துண்டோடு நிறுத்திக்கொள்ளுங்கள். மிஞ்சும் நீரில் மறுபடி வெள்ளரி போடாதீர்கள், அது நீர்த்துப்போன நீர். சின்ன வெங்காயத்தை நறுக்கி அதில் போட்டு ஃபிரிட்ஜில் வைத்து மறுநாள் தின்றுவிடலாம். சுண்டலில் ஒரு கரண்டி விட்டால் மாங்காய்த் துண்டு தேட வேண்டாம். மாமியார் இப்போது அப்படித்தான் தின்கிறார். பாட்டிலை ஃபிரிட்ஜிலிருந்து எடுத்து, ஊற்றி, எதுவும் பேசாமல் திருப்பி உள்ளே வைத்துவிடுகிறார்.

வருகிற சனிக்கிழமை காலை ஏழு மணிக்கு என் வீட்டு மாடியில் கூடுவோம். விரல் நீளத்துக்கு மேல் உள்ள காயைக் கொண்டுவருகிறவர்களை மாடிப்படியிலேயே நிறுத்திவிடுவேன். வினிகர் பாட்டில் ஆளுக்கு ஒன்று வாங்கி, பின்பக்கம் எத்தனை சதவீதம் என்று படித்துவிட்டு வாருங்கள். காலி ஹார்லிக்ஸ் பாட்டில் என்னிடம் பதினொன்று இருக்கிறது, மூடியோடு.

மஞ்சப்பை வைத்தவருக்குத் தனியாக ஒரு வரி. அந்த ஐந்து முற்றல் காயையும் மாடி நிழலில் வைத்திருக்கிறேன், பழுக்கட்டும், விதை எடுக்கலாம். பை உங்களுடையது என்றால் சனிக்கிழமை வந்து வாங்கிக்கொள்ளுங்கள். பையின் அடியில் ‘செல்வி வெட்ஸ்’ என்று பாதி அழிந்த எழுத்து தெரிகிறது. மாப்பிள்ளை பெயர் தெரிந்தால் வீட்டைக் கண்டுபிடித்துவிடுவேன்.

அன்புடன்,
மூன்றாவது தெரு, பச்சை கேட் வீட்டு டீச்சர்